இசைக்கு ஒரு நாற்காலி



கொரிய மொழி தமிழர் வீடுகளுக்குள் வந்து சில காலம் ஆகிறது. சென்னையின் புதுயுகம் தொலைக்காட்சி கொரியத் தொடர்களுக்குத் தமிழ்க் குரல் கொடுத்து ஒளிபரப்பியது. பிறகு இணையத் திரைகள் வந்தன. இன்று பொருள் தெரியாமலே கொரியத் தொடர்ப் பாடல்களை முழுதாகப் பாடும் இளையோர் நம்மிடையே இருக்கிறார்கள். நாம் கூடியிருக்கும் இந்த மொன்றியல் நகரின் ஃபன்டேசியா திரைப்பட விழா 1996 முதல் ஆசியப் படங்களை வரவழைத்துக் காட்டி வருகிறது. அங்கே கொரியப் படங்களுக்குத் தனிக் கூட்டமே உண்டு. அந்தப் படங்களின் இசை நம்மை ஏன் இப்படிப் பிடித்து வைத்திருக்கிறது என்று கேட்டால் வழக்கமாக மூன்று விடைகள் கிடைக்கும்: பணம், தொழில்நுட்பம், கலைஞரின் திறமை. மூன்றிலும் உண்மை இருக்கிறது. இந்த மூன்றுக்கும் முன்னால் வைக்க வேண்டிய, ஆனால் அதிகம் பேசப்படாத நான்காவது காரணம் ஒன்று உண்டு என்பது என் வாதம். ஒரு படம் உருவாகும் வரிசையில் இசையமைப்பாளர் எந்தக் கட்டத்தில் உள்ளே வருகிறார் என்பதே அது. கதை எழுதும்போதே வருகிறாரா, படத்தொகுப்பு நடக்கும்போது வருகிறாரா, எல்லாம் முடிந்து வெளியீட்டுத் தேதி குறித்த பிறகு வருகிறாரா என்பதைப் பொறுத்தே அவரால் என்ன செய்ய முடியும் என்பது பெரும்பாலும் தீர்ந்துவிடுகிறது. இதற்கான முதல் சாட்சியத்தைத் தேடிச் சியோல் வரை போக வேண்டியதில்லை. அது நாம் கூடியிருக்கும் இந்த நகரத்திலேயே இருக்கிறது.

கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் 1939இல் ஒட்டாவாவில் தொடங்கப்பட்டு, 1956இல் மொன்றியலுக்கு வந்தது. கோட்-டே-லியெஸ் சாலையோரம் அதற்கென்று எழுந்த வளாகத்துக்குள் படப்பிடிப்புத் தளம், படத்தொகுப்பு அறை, ஒலிப்பதிவுக்கூடம் எல்லாமே இருந்தன. உலகத் திரைப்பட வரலாறு எழுதுகிறவர்கள் இந்த வாரியத்தின் இயக்குநர்களைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். அங்கே மாதச் சம்பளத்துக்கு அமர்த்தப்பட்டிருந்த இசையமைப்பாளர்களைப் பற்றிய பேச்சு குறைவு. மொறிஸ் பிளாக்பர்ன் 1940களின் தொடக்கத்திலேயே வாரியத்தில் சேர்ந்தவர்; எல்டன் ராத்பர்ன் 1947இல் சேர்ந்து 1976 வரை இருந்தவர். இருவரும் நூற்றுக்கணக்கான படங்களுக்கு இசை தந்தார்கள். ஒரு படத்துக்கு ஒப்பந்தம் போட்டு, வேலை முடிந்ததும் கைகுலுக்கி அனுப்பிவைக்கப்பட்டவர்கள் அல்லர். இயக்குநர் இருந்த கூரையின் கீழேயே இவர்களும் இருந்தார்கள். பாதி வெட்டிய படச்சுருளைப் பார்க்க வேண்டுமானால் நடைவழியைக் கடந்தால் போதும்.

அந்த அருகாமை என்ன செய்தது என்பதை 1957இல் வந்த 'சிற்றி ஒஃப் கோல்ட்' என்ற ஆவணப்படத்தில் தெளிவாகக் காணலாம். கோலின் லோவும் வுல்ஃப் கோனிக்கும் இயக்கிய அந்தப் படம், பொன் தேடி மக்கள் குவிந்த டோசன் நகரின் பழைய நிழற்படங்களைக் கொண்டு உருவானது. நிழற்படம் அசையாது. கமெரா அதன் மேல் மெல்ல நகரலாம், நெருங்கலாம், விலகலாம். ஆனால் படத்துக்குள் இருக்கும் மனிதன் ஓர் அடி எடுத்து வைக்க மாட்டான். அப்படியிருந்தும் அந்தத் தெருக்களில் காலம் ஓடுவதாக நமக்குத் தோன்றுகிறது. அந்த உணர்வைத் தருவதில் விவரணைக் குரலுக்கும் ராத்பர்னின் இசைக்கும் சமமான பங்கு உண்டு. காலமே இல்லாத ஒரு பொருளுக்கு இசை காலத்தைக் கொடுக்கிறது. கமெரா எத்தனை நொடி நகர வேண்டும், எந்த முகத்தில் நிற்க வேண்டும் என்பதும் இசை எத்தனை தாளவட்டம் நீள வேண்டும் என்பதும் இங்கே ஒரே கேள்விதான். அதற்கு இரண்டு அறைகளில் இருந்துகொண்டு தனித்தனியாக விடை காண முடியாது.

இதைவிடத் துணிச்சலான சோதனைகளைச் செய்தவர் நோர்மன் மக்லரன். ஸ்கொட்லாந்தில் பிறந்து 1941இல் வாரியத்தில் சேர்ந்த அவர், இசை முதலா படம் முதலா என்ற கேள்வியை ஒவ்வொரு படத்திலும் வேறு வேறு விதமாகப் போட்டுப் பார்த்தார். 1949இல் எவெலின் லாம்பார்ட்டுடன் சேர்ந்து உருவாக்கிய 'பெகோன் டல் கெயார்' படத்துக்கு, இதே மொன்றியலில் 1925இல் பிறந்த ஜாஸ் பியானோக் கலைஞர் ஒஸ்கார் பீற்றர்சனின் மூவர் குழு வாசித்தது. அந்த இசைக்கு ஏற்பப் படச்சுருள் மீதே நேரடியாக வண்ணம் தீட்டினார்கள். மேலோட்டமாகப் பார்த்தால் இசை முதலில், படம் பிறகு. ஆனால் ஒலிப்பதிவுக்கு முன்பே மக்லரனும் பீற்றர்சனும் சேர்ந்திருந்து, எந்தப் பகுதி எப்படி எழ வேண்டும், எங்கே அடங்க வேண்டும் என்று பேசி அந்த இசையை வடித்தார்கள். வரையப்படாத படம் அந்த இசைக்குள் முன்னமே புகுந்துவிட்டது. 1955இல் கான் விழாவில் குறும்படத்துக்கான உயரிய விருதைப் பெற்ற 'பிளிங்கிட்டி பிளாங்க்' இன்னொரு வழி. அதற்கு இசையமைத்த பிளாக்பர்ன், ஐந்து கோடுகள் கொண்ட வழக்கமான சுரத்தாளை விட்டுவிட்டு மூன்று கோடுகளோடு எழுதினார். மேல், நடு, கீழ் என்ற நிலைகளும் தாள அளவும் மட்டுமே குறிக்கப்பட்டன. எந்தச் சுரம் என்பது வாசிப்பவரின் விருப்பம். படமோ கறுப்புச் சுருளில் ஆங்காங்கே கீறிய கீற்றுகளால் ஆனது. இடையில் வெறும் இருள். கண்ணுக்கு முழு உருவம் தராத படத்துக்குக் காதுக்கும் முழு மெட்டுத் தராத இசை. இந்தப் பொருத்தம் தற்செயலாக அமைவதில்லை.

மக்லரன் இன்னும் ஒரு படி போனார். அக்காலப் படச்சுருளில் ஒலி என்பது ஓரத்தில் ஓடும் ஒரு கோடு. அந்தக் கோட்டின் வடிவத்தை ஒளியால் படித்து ஒலியாக மாற்றுவார்கள். ஒலியை ஏன் ஒலிவாங்கி வழியாகத்தான் கொண்டுவர வேண்டும், நேரே வரைந்துவிடலாமே என்று அவர் கேட்டார். 1952இல் எடுத்து அடுத்த ஆண்டு ஒஸ்கார் விருது பெற்ற 'நெய்பர்ஸ்' படத்தின் ஒலி அப்படி வரைந்த ஒலிதான். 1971இல் வந்த 'சிங்குரொமி' படத்தில் அவர் முதலில் இசையை அமைத்தார். பிறகு அந்த இசையை எழுப்பும் கோடுகளையே திரையின் நடுவுக்குக் கொண்டுவந்து நிறம் கொடுத்தார். நாம் அங்கே காண்பதும் கேட்பதும் ஒன்றே. எல்லாப் படங்களும் இப்படி எடுக்கப்பட வேண்டும் என்று யாரும் சொல்லப் போவதில்லை. ஆனால் இசையும் காட்சியும் ஒரே கையிலிருந்து, ஒரே நேரத்தில் பிறந்தால் என்னவாகும் என்பதற்கு இதைவிடத் தூய்மையான சான்று எனக்குத் தெரியவில்லை.

இப்போது இந்த அவைக்கு மிக நெருக்கமான படத்துக்கு வருகிறேன். 1957இல் மக்லரனும் கிளோட் ஜூத்ராவும் சேர்ந்து இயக்கிய 'எ செயரி டேல்', ஒரு நாற்காலியின் கதை. ஓர் இளைஞன் புத்தகத்தோடு வந்து நாற்காலியில் உட்காரப் பார்க்கிறான், நாற்காலி விலகுகிறது. துரத்துகிறான், மிரட்டுகிறான், கெஞ்சுகிறான். கடைசியில் அவன் நாற்காலியைத் தன் மேல் உட்கார விடுகிறான். அதன் பிறகே அது அவனை உட்கார விடுகிறது. இளைஞனாக நடித்தவர் ஜூத்ரா. நாற்காலிக்கு உயிர் கொடுத்தவர் எவெலின் லாம்பார்ட். பத்து நிமிடம் ஓடும் அந்தப் படத்தில் ஒரு சொல்லும் பேசப்படுவதில்லை. அந்த நாற்காலியின் பிடிவாதம், ஊடல், வருத்தம், விளையாட்டு எல்லாவற்றையும் பேசுவது சிதாரும் தபலாவும். வாசித்தவர்கள் பண்டிட் ரவிசங்கர், சதுர் லால், தம்புராவில் நோது மல்லிக். யுனெஸ்கோ பணிக்காக 1950களின் தொடக்கத்தில் இந்தியா சென்று வந்த மக்லரனுக்கு நம் இசை அந்நியமானதல்ல. படம் எடுத்த பிறகே அந்த மூவரும் வந்தார்கள். அப்படியானால் இது என் வாதத்துக்கு எதிரான சான்றல்லவா என்று கேட்கலாம். நானும் இதை நெடுநேரம் எண்ணிப் பார்த்தேன்.

இந்துஸ்தானி மேடையில் சிதார்க் கலைஞர் ஒரு தாளக்கோவையை வீசுவார். தபலாக் கலைஞர் அந்த நொடியே அதைப் பிடித்துத் திருப்பித் தருவார். கேள்வியும் பதிலுமாக நடக்கும் இந்த உரையாடல் அவர்களுக்கு அன்றாடப் பயிற்சி. நம் கச்சேரிகளில் தனி ஆவர்த்தனத்தில் மிருதங்கமும் கடமும் செய்வதும் இதுவே. எதிரில் இருப்பவரின் அசைவைப் பார்த்து அந்தக் கணமே விடை சொல்லும் கலை அவர்கள் விரலில் ஊறிக் கிடந்தது. இங்கே எதிரில் இருந்தது ஒரு நாற்காலி, அவ்வளவுதான். படமும் அதற்கு இடம் விட்டுவைத்திருந்தது. பேச்சு இல்லை, பின்புலத்தில் வேறெதுவும் இல்லை, கறுப்புத் திரைக்கு முன்னால் ஒரு மனிதனும் ஒரு நாற்காலியும் மட்டும். இசை வந்து அமர்வதற்கென்று ஓர் இருக்கை காலியாக வைக்கப்பட்டிருந்தது. ஆகவே, 'இசையமைப்பாளர் முன்கூட்டியே வர வேண்டும்' என்று நான் சொல்வதைத் தேதிக் கணக்காக எடுத்துக்கொள்ளக் கூடாது. அவர் உடலளவில் பின்னால் வரலாம்; அவர் செய்யப்போகும் வேலைக்கான இடம் முதலிலேயே வகுக்கப்பட்டிருக்க வேண்டும். ஆள் அருகில் இருந்தால் அந்த இடத்தை வகுப்பது எளிது. அருகில் இல்லையென்றால் அதை மனத்தில் வைத்துப் படமெடுக்க மக்லரனைப் போல் காதுள்ள இயக்குநர் வேண்டும், அத்தகையவர்கள் அரிது.

இந்த அளவுகோலோடு கொரியாவைப் பார்ப்போம். அங்கே பான்சோரி என்றொரு கதைப்பாட்டு மரபு உண்டு. ஒரு பாடகர், ஒரு பறை. பாடகர் மணிக்கணக்கில் கதை சொல்வார், பறையடிப்பவர் இடையிடையே குரல் கொடுத்து ஊக்குவார். நம் வில்லுப்பாட்டில் 'ஆமா' போடுபவரை அறிந்தவர்களுக்கு இது விளங்கும். இயக்குநர் இம் குவோன்-தேக் 1993இல் பான்சோரிக் கலைஞர் குடும்பம் ஒன்றைப் பற்றி 'சொப்யொன்ஜே' படத்தை எடுத்தார். கொரியப் படம் ஒன்றுக்குச் சியோலில் மட்டும் பத்து லட்சத்துக்கு மேல் பார்வையாளர் வந்தது அதுவே முதல் முறை. ஏழாண்டுகள் கழித்து அவர் எடுத்த 'சுன்ஹியாங்' எனக்கு இன்னும் முக்கியமாகப் படுகிறது. சோ சாங்-ஹியுன் பாடிய பான்சோரி அந்தப் படத்தின் முதுகெலும்பு. குதிரை ஓடுவதும் காதலர் சந்திப்பதும் அடி விழுவதும் பாட்டின் நடைக்கே வெட்டப்பட்டிருக்கின்றன. கான் விழாவின் போட்டிப் பிரிவுக்குச் சென்ற முதல் கொரியப் படமும் அதுவே. 'ட்ரெயின் டு பூசான்' படத்துக்கு இசையமைத்த சாங் யங்-கியு, பிற்பாடு பான்சோரியை நவீனத் தாளத்தோடு பாடும் 'லீநால்ச்சி' குழுவை நடத்தினார் என்பதும் இந்தத் தொடர்ச்சியில் வைத்துப் பார்க்க வேண்டிய செய்தி.

2019இல் வந்த போங் ஜூன்-ஹோவின் 'பாரசைட்' உலகம் முழுவதும் அறிந்த படம். அதன் நடுவில், ஏழைக் குடும்பம் சூழ்ச்சி செய்து அந்த வீட்டின் பழைய பணிப்பெண்ணை வெளியேற்றும் பகுதி ஒன்று உண்டு. பீச் பழத்தின் மெல்லிய தோல்துகள், ஒத்திகை பார்க்கும் தந்தை, மருத்துவமனைப் பொய் என்று பல இடங்கள், பல நேரங்கள், எண்ணற்ற துண்டுக் காட்சிகள். அவற்றையெல்லாம் ஒரே மூச்சாகக் கட்டி இழுப்பது ஜுங் ஜே-இல் எழுதிய நரம்பிசை. பழைய ஐரோப்பிய அரண்மனை இசையின் மிடுக்கோடு ஒரு மோசடி நிறைவேறுகிறது. போங் எல்லாக் காட்சிகளையும் படப்பிடிப்புக்கு முன்பே கட்டங்கட்டமாக வரைந்துவைக்கும் பழக்கமுள்ளவர். அப்படி வரையும் இயக்குநரின் படத்தில் காட்சியின் நீளம் முன்னமே தெரியும்; இசைக்கான நீளமும் தெரியும். அதே இருவரும் 2017இல் 'ஒக்ஜா'வில் சேர்ந்து வேலை செய்தவர்கள் என்பதையும், 'பாரசைட்' முடிவில் வரும் பாட்டின் வரிகளை எழுதியவர் போங்தான் என்பதையும் இங்கே நினைவில் வைக்க வேண்டும். அந்தப் பாட்டைப் பாடியிருப்பவர் அக்குடும்பத்தின் மகனாக நடித்த சோய் வூ-ஷிக். இயக்குநர் எழுதி, இசையமைப்பாளர் மெட்டமைத்து, நடிகர் பாடும்போது, கதை முடிந்த பிறகும் அந்த மகனின் குரல் நம்மோடு இருக்கிறது.

கொரியத் தொலைக்காட்சியின் கதை நெடுங்காலம் வேறாக இருந்தது. வாரம் இரண்டு பாகம், ஒவ்வொன்றும் ஒரு மணி நேரம். ஒளிபரப்பாகும் வாரத்திலேயே படப்பிடிப்பு. அன்றன்று எழுதிய வசனத்தாள் தளத்துக்கு வரும். நடிகர் மனப்பாடம் செய்து நடிப்பார். அதைத் தொகுத்து அலைவரிசைக்கு அனுப்புவார்கள். இத்தகைய நெருக்கடியில் இசையமைப்பாளர் காட்சியைப் பார்த்து எழுதுவது எப்படி? ஆகவே தொடர் தொடங்கும் முன்பே சோகத்துக்கு ஒன்று, நகைச்சுவைக்கு ஒன்று, பதற்றத்துக்கு ஒன்று என்று இசைத்துண்டுகளைச் செய்து அடுக்கிவைத்தார்கள்; பாகம் கையில் கிடைத்ததும் அடுக்கிலிருந்து எடுத்துப் பொருத்தினார்கள். கூடவே புகழ்பெற்ற பாடகர்களைக் கொண்டு பாடல்கள் செய்து, வாரத்துக்கு ஒன்றாக வெளியிட்டார்கள். 2002இல் 'விண்டர் சொனாட்டா' ஆசியா முழுவதும் பரவியதில் அதன் பாடலுக்குப் பெரும் பங்கு உண்டு. அந்தப் பாடல்களின் அழகை நான் மறுக்கவில்லை. ஆனால் தொடர்ந்து சில தொடர்களைப் பார்த்தவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பார்கள்: கண்ணீர் திரளும் இடத்தில் பாட்டு வந்தே தீரும், அது எந்தத் தொடரின் கண்ணீர் என்ற வேறுபாடு பாட்டுக்குத் தெரியாது. சென்னைத் தொடர்களில் அதிர்ச்சிச் செய்தி வந்ததும் ஒவ்வொரு முகத்துக்கும் ஒருமுறை இடி இடிப்பதும் இதே நோயின் இன்னொரு அறிகுறி. இசையமைப்பாளர் யாரும் அதை விரும்பிச் செய்வதாக நான் நினைக்கவில்லை. காட்சியைப் பார்க்காமல் இசை செய்யச் சொன்னால் வேறென்ன செய்வார்?

படப்பிடிப்பு முழுவதையும் முடித்துவிட்டு ஒளிபரப்பும் முறை வந்ததும் கொரியத் தொடர்களின் ஓசை மாறத் தொடங்கியது. 2021இல் வந்த 'ஸ்குவிட் கேம்' தொடரில் அதே ஜுங் ஜே-இல் என்ன செய்தார் என்று பாருங்கள். விளையாட்டு தொடங்கும் இடத்தில் நாம் கேட்பது பள்ளிக்கூடக் குழலும் கைச்சிப்ளாவும். கொரியச் சிறுவர் வகுப்பறையில் கற்கும் எளிய கருவிகள் அவை; தாளமும் அவர்கள் கைதட்டிப் பழகிய தாளமே. குழந்தை விளையாட்டில் உயிர் போகும் கதைக்கு, குழந்தையின் கையிலிருக்கும் கருவியே பயங்கரத்தை உண்டாக்குகிறது. பெரிய வாத்தியக்குழு வைத்திருந்தால் இந்தப் பயம் வந்திராது. 'பதற்றத்துக்கு ஒன்று' என்று அடுக்கில் வைத்த துண்டிலிருந்து இது பிறக்காது; கதை எதைப் பற்றியது என்று யோசிக்க நேரம் கிடைத்தவருக்கே இது தோன்றும்.

என் வாதத்துக்கு எதிராகத் தமிழ் அவையில் எழக்கூடிய வலுவான மறுப்பு ஒன்று உண்டு. அதை ஒரே பெயரில் சொல்லிவிடலாம்: இளையராஜா. படம் முழுதும் முடிந்து ரீ-ரெக்கார்டிங்குக்கு வரும். ஒரு ரீலை ஒருமுறை ஓடவிட்டுப் பார்ப்பார். உடனே முழு வாத்தியக்குழுவுக்குமான சுரக்குறிப்பை எழுதிக் கொடுப்பார். மூன்று நான்கு நாளில் படம் முடிந்துவிடும். அப்படி வந்தவைதான் மகேந்திரனின் 'முள்ளும் மலரும்', 'உதிரிப்பூக்கள்' போன்ற படங்களின் பின்னணி இசை. 'ஹே ராம்' இன்னும் கடினமான சான்று. முதலில் எல். சுப்பிரமணியம் அமைத்த பாடல்களுக்குக் காட்சிகள் எடுக்கப்பட்டிருந்தன. அவர் விலகிய பின், எடுத்த காட்சிக்கும் வாயசைவுக்கும் பொருந்தும்படி இளையராஜா புதிய பாடல்களை அமைத்தார். வங்கத்திலும் சான்று உண்டு. 1955இல் 'பதேர் பாஞ்சாலி'க்கு ரவிசங்கர் ஒரே இரவில் இசைப்பதிவை முடித்தார். பின்னால் வந்தவர்களே இவ்வளவு செய்திருக்கும்போது, முன்னால் வர வேண்டும் என்பதில் என்ன பொருள்?

வங்கச் சான்றை முதலில் பார்ப்போம். ரவிசங்கரின் அந்த இசை மகத்தானது. ஆனால் அந்த இரவு போதவில்லை. இசையில்லாமல் எஞ்சிய சில இடங்களுக்கு, சிதார் தெரிந்த ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ராவே வாசிக்க வேண்டி வந்தது. ஒளிப்பதிவாளர் சிதார் வாசிக்கத் தெரிந்தவராக இருந்தது சத்யஜித் ராயின் நல்லூழ். அதன் பிறகும் ராய் பெரிய மேதைகளோடு சில படங்கள் செய்தார். 1961இல் 'தீன் கன்யா' தொடங்கித் தன் படங்களுக்குத் தானே இசையமைத்தார். இசையைத் திரைக்கதையோடு சேர்த்தே யோசித்த ஒருவர், கடைசியில் அந்த இரண்டையும் ஒருவரே செய்வது என்ற முடிவுக்கு வந்தார். என் வாதத்துக்கு அவர் எதிர்ச்சாட்சி அல்லர்.

இளையராஜாவைப் பொறுத்தவரை, அவர் கடைசியில் வந்தார் என்பதே பாதி உண்மைதான். தமிழ்ப் படத்தில் இசையமைப்பாளர் இரண்டு முறை வருகிறார். படப்பிடிப்புக்கு முன்பே இயக்குநர் சூழலைச் சொல்வார், மெட்டுகள் பிறக்கும், பாடல்கள் பதிவாகும். மாதங்கள் கழித்து ரீ-ரெக்கார்டிங்குக்கு இரண்டாம் முறை வருவார். முதல் வருகையில் கதையின் உணர்வுநிலை அவருக்குள் இறங்கிவிடுகிறது. பாட்டாகக் கேட்ட மெட்டு பிறகு புல்லாங்குழலிலோ வயலினிலோ திரும்பி வரும்போது நாம் கலங்குவது அதனால்தான். உலகின் பல திரைத்துறைகள் ஏங்கும் ஒரு வசதி, முன்வருகை, நம்மிடம் வழக்கமாகவே இருந்தது. அதைப் பாட்டுக்கு மட்டும் பயன்படுத்திவிட்டு, இடைப்பட்ட மாதங்களில் இசையமைப்பாளரை வாசலுக்கு வெளியே நிறுத்தினோம். அந்த இடைவெளியைத் தன் தனிவல்லமையால் தாண்டியவர் இளையராஜா. தாண்ட முடியாத நூற்றுக்கணக்கானோரின் வேலையை நாம் நினைவில் வைத்திருக்கவில்லை, அதனால் கணக்கிலும் எடுப்பதில்லை. ஒரு முறையின் நலத்தை அதில் வென்ற மேதையைக் கொண்டு அளந்தால் கணக்குத் தவறும்.

இரண்டாவது மறுப்பு பணம். மொன்றியல் வாரியம் அரசுப் பணத்தில் நடப்பது, சம்பளத்துக்கு இசையமைப்பாளரை வைத்திருக்க அதற்கு முடியும், சந்தைக்குக் கட்டுப்படியாகாது என்பார்கள். ஆனால் சம்பள இசையமைப்பாளர் சென்னைக்குப் புதியவர் அல்லர். ஏவி.எம். நிறுவனத்தில் ஆர். சுதர்சனம் பல்லாண்டு இருந்தார். ஜெமினியும் தனக்கென இசைப்பிரிவு வைத்திருந்தது. அவை இலாபத்துக்கு நடந்த தனியார் நிறுவனங்கள். 1954இல் பாடலே இல்லாத 'அந்த நாள்' ஏவி.எம்.மிலிருந்து வந்தது. அதை இயக்கிய எஸ். பாலசந்தர் வீணைக் கலைஞர். பாட்டை நீக்கிவிட்டுப் படமெடுக்கும் துணிவு ஓர் இசைக்கலைஞரிடமிருந்து வந்தது வியப்பல்ல. எங்கே ஒலி வேண்டும், எங்கே வேண்டாம் என்று அவருக்கே தெரியும். இன்னும் பின்னால் போனால், மட்டக்களப்புக் கூத்தில் அண்ணாவியார் யார்? ஆட்டம் பழக்குபவரும் அவரே, மத்தளத்தோடு களரியில் நின்று நடத்துபவரும் அவரே. இயக்கமும் இசையும் இரு வேறு தொழில் என்ற பிரிவினை நம் மரபுக்கே பிந்தி வந்தது. தவிரவும், இசையமைப்பாளரிடம் கதையை முன்கூட்டியே கொடுப்பதற்குப் பணம் தேவையில்லை. கடைசி வாரத்தில் ஓட்டைகளை மறைக்கப் பெரிய வாத்தியக்குழுவை அமர்த்துவதற்குத்தான் பணம் வேண்டும்.

நல்ல பின்னணி இசை காதில் விழவே கூடாது, ஆகவே இவ்வளவு அக்கறை எதற்கு என்போரும் உண்டு. அடித்தளம் கண்ணுக்குத் தெரிவதில்லை என்பதற்காக வீட்டைக் கட்டி முடித்த பிறகு யாரும் அதைப் போடுவதில்லை.

இதையெல்லாம் இங்கே சொல்வதற்குக் காரணம் உண்டு. கனடாவில் தமிழ் இளைஞர்கள் குறும்படங்கள் எடுக்கிறார்கள். முழுநீளப் படங்களுக்கும் முயல்கிறார்கள். போரையும் இழப்பையும் குடிபெயர்வையும் பனியையும் பற்றி அவர்களிடம் சொல்வதற்கு இருக்கிறது. அவற்றில் பலவற்றைப் பார்க்கும்போது, படத்தொகுப்பு முடிந்த இரவில் இணையத்திலிருந்து எடுத்து ஒட்டிய இசை என்பது முதல் நிமிடத்திலேயே தெரிந்துவிடுகிறது. யாருடைய சோகத்துக்கோ செய்த பியானோ, நம் அம்மாவின் முகத்தின் மேல் ஓடுகிறது. இதே நகரத்தில் மிருதங்கமும் வயலினும் வீணையும் ஆண்டுக்கணக்கில் கற்று, அரங்கேற்றத்துக்குப் பிறகு மேடை கிடைக்காமல் இருக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள். எதிரில் இருப்பவருக்கு அந்தக் கணமே விடை சொல்லும் பயிற்சி அவர்களிடமும் இருக்கிறது. சதுர் லாலுக்குக் கிடைத்த நாற்காலி அவர்களுக்கு இன்னும் கிடைக்கவில்லை.

'எ செயரி டேல்' படத்தை வாரியத்தின் இணையதளத்தில் கட்டணமின்றிப் பார்க்கலாம். முதலில் ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள். பிறகு ஒலியோடு பாருங்கள். இருபது நிமிடம்தான். படமெடுக்கும் இளைஞர்களிடம் நான் கேட்பது இதற்கு மேல் ஒன்றே ஒன்று: உங்கள் அடுத்த படத்தின் கதையை எழுதி முடித்ததும், படப்பிடிப்புக்கு நாள் குறிக்கும் முன், அதை ஓர் இசைக்கலைஞரிடம் படிக்கக் கொடுங்கள்.